நினைவில் ஓர் இடைச்செருகல்

டீ கொதிக்கக் கொதிக்க இருக்கிறது. ஆறட்டும். அதுவரை ஒரு குழந்தையின் கதையைப் பார்ப்போம்.

ழான் பியாஜே என்ற சுவிட்சர்லாந்து அறிஞர், குழந்தைகளின் சிந்தனை எப்படிப் படிப்படியாக வளர்கிறது என்பதை வாழ்நாளெல்லாம் ஆராய்ந்தவர். அவருடைய மிகப் பழைய நினைவுகளில் ஒன்று இது. பாரிஸ் நகரின் பெரிய சாலை. தள்ளுவண்டியில் உட்கார்ந்திருக்கிறார், ஆயா வண்டியைத் தள்ளிக்கொண்டு போகிறார். திடீரென ஓர் ஆள் பாய்ந்து வந்து குழந்தையைத் தூக்கப் பார்க்கிறான். இடுப்பு வார் குழந்தையை இறுக்கிப் பிடித்திருக்கிறது. ஆயா குறுக்கே நின்று போராடுகிறார், முகமெல்லாம் கீறல். கூட்டம் கூடுகிறது. குட்டை மேலங்கியும் வெள்ளைத் தடியுமாக ஒரு போலீஸ்காரர் வர, அவன் ஓடிவிடுகிறான்.

பியாஜேவுக்கு 15 வயதானபோது அந்த ஆயாவிடமிருந்து பெற்றோருக்கு ஒரு கடிதம் வந்தது. அவர் இரட்சணிய சேனையில் சேர்ந்திருந்தார். பழைய தவறுகளை ஒப்புக்கொள்ள விரும்பினார். கடத்தல் எதுவும் நடக்கவில்லை, கீறல்களும் பொய், எல்லாம் நானே கட்டிய கதை என்று எழுதியிருந்தார். குழந்தையைக் காப்பாற்றியதற்காக வீட்டார் பரிசளித்த கடிகாரத்தைத் திருப்பித் தர வேண்டும் என்பதும் அவர் எண்ணம். கடிகாரத்தைத் திருப்பிவிடலாம். காட்சியை என்ன செய்வது? பெரியவர்கள் பேசக் கேட்டதுதான் தன் மனத்துக்குள் படமாகிவிட்டது என்று பியாஜே பின்னாளில் விளக்கினார். அப்படி விளக்கி எழுதிய காலத்திலும் அந்தப் போலீஸ்காரரின் மேலங்கி அவர் கண்முன் தெளிவாகத்தான் இருந்தது.

இந்தக் கதையில் ஒரு வியாபாரம் இருப்பதைக் கவனித்தீர்களா? ஒருவர் ஒரு நினைவைச் செய்தார். இன்னொருவர் அதற்கு ஒரு கடிகாரம் விலை கொடுத்தார். மூன்றாவதாக ஒரு குழந்தை அதைச் சுமந்தது. இந்த மூன்று பேரையும் மனத்தில் வைத்துக்கொள்வோம். செயற்கை நினைவு என்ற சரக்கைப் பற்றி யோசிக்கும்போதெல்லாம் இவர்கள் நமக்குத் தேவைப்படுவார்கள்.

செயற்கை நினைவு என்றதும் நம்மில் பலருக்குச் சினிமாதான் கண்ணில் வரும். 1966-இல் பிலிப் கே. டிக் எழுதிய ஒரு சிறுகதையில், செவ்வாய்க் கிரகத்துக்குப் போக வசதியில்லாத ஒரு குமாஸ்தா, போய்வந்ததாக நினைவை மட்டும் விலைக்கு வாங்கப் போகிறான். 1990-இல் அது ‘டோட்டல் ரீகால்’ என்ற படமாக வந்தது. நாற்காலி, வயர்கள், மண்டைக்குள் எதையோ ஏற்றும் இயந்திரம். பார்த்துவிட்டு, “அப்படி ஒரு மெஷின் வரும்போது பார்த்துக்கொள்ளலாம்” என்று நிம்மதியாக எழுந்து போகிறோம்.

அந்த நிம்மதிக்கு அடியில்தான் எல்லோருக்கும் பொதுவான தவறு ஒன்று இருக்கிறது. நினைவு என்பது போனில் எடுத்த வீடியோ மாதிரி எங்கேயோ பத்திரமாகக் கிடக்கிறது, வேண்டும்போது போட்டுப் பார்க்கிறோம் என்று நம்புகிறோம். மறதி என்றால் ஃபைல் அழிந்துவிட்டது, அவ்வளவுதான். பொய் நினைவு வேண்டுமென்றால் யாராவது வெளியிலிருந்து ஒரு போலி ஃபைலை உள்ளே ஏற்ற வேண்டும். அதற்கு இயந்திரம் வேண்டும். இந்த எண்ணம் சரியாக இருந்தால் பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் நினைவு அப்படி வேலை செய்வதில்லை.

ஓலைச்சுவடியை நினைத்துப் பாருங்கள். ஏடு சில நூற்றாண்டுகளில் செல்லரித்துவிடும். அதனால் பழைய ஏட்டைப் பார்த்துப் புது ஏட்டில் பெயர்த்தெழுதினார்கள். பழுதான ஏட்டை ஆடிப்பெருக்கில் ஆற்றோடு விட்டுவிடும் வழக்கமும் இருந்தது. எழுதுகிறவர் அச்சு இயந்திரம் இல்லை. சுவடியில் மெய்யெழுத்துக்குப் புள்ளி இருக்காது. காலுக்கும் ரகரத்துக்கும் வித்தியாசம் தெரியாது. அரித்துப்போன இடத்தில் என்ன இருந்திருக்கும் என்று தன் அறிவுக்கு எட்டியபடி நிரப்புவார். புரியாத சொல்லைப் புரிகிற சொல்லாக மாற்றுவார், அதுவும் நல்லெண்ணத்தோடுதான். நம் ஒவ்வொருவருடைய நினைவும் இப்படிப் பெயர்த்தெழுதிப் பெயர்த்தெழுதி வந்த சுவடி.

இதை முதலில் பொறுமையாகக் காட்டியவர் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஃபிரெடெரிக் பார்ட்லெட். அமெரிக்கப் பழங்குடியினரின் கதை ஒன்றை இங்கிலாந்துக்காரர்களிடம் படிக்கக் கொடுத்தார். பிறகு வெவ்வேறு இடைவெளிகளில், நினைவிலிருந்து எழுதச் சொன்னார். கதையில் வந்த மரத்தோணி பலருடைய எழுத்தில் சாதாரணப் படகாகிவிட்டது. அவர்களுக்குப் புரியாத ஆவிகள் மெல்ல மறைந்தன. யாரும் பொய் சொல்லவில்லை. தங்கள் ஊருக்குப் பொருந்தும்படி ஏட்டைத் திருத்தியிருந்தார்கள், தெரியாமலேயே. 1932-இல் அவர் இதைப் புத்தகமாக எழுதினார்.

மூளைக்குள்ளும் இது நடக்கிறது என்று காட்டும் முக்கியமான சோதனை ஒன்று 68 ஆண்டுகள் கழித்து வந்தது. 2000-ஆம் ஆண்டில் நியூயார்க்கில் கரீம் நாதர், கிளென் ஷேஃப், ஜோசஃப் லெடூ ஆகிய மூவர் எலிகளை வைத்து ஒரு சோதனை செய்தார்கள். ஓர் ஒலி எழுப்பி, கூடவே லேசாக ஷாக் கொடுத்தார்கள். அதன்பின் ஒலி கேட்டாலே எலி உறைந்து நிற்கும். பிறகொரு நாள் ஒலியை மட்டும் எழுப்பி அந்தப் பயத்தை நினைவூட்டிவிட்டு, மூளையில் பயத்தைக் கையாளும் அமிக்டலா என்ற பகுதியில் ஒரு மருந்தைச் செலுத்தினார்கள். புதுப் புரதம் உருவாவதைத் தடுக்கும் மருந்து அது. மறுநாள் எலியிடம் பயம் பெரும்பாலும் காணாமல் போயிருந்தது. நினைவூட்டாமல் மருந்து மட்டும் கொடுத்தபோது பயம் அப்படியே இருந்தது.

இது ஏன் முக்கியம் என்று ஒரு நிமிடம் நின்று பார்ப்போம். கட்டி வைத்த சுவடியை மருந்தால் தொட முடியவில்லை. கட்டை அவிழ்த்துப் படித்த சுவடியை, மறுபடி கட்டுவதற்குள் அழிக்க முடிந்தது. நினைத்துப் பார்க்கும்போது நினைவு இளகி, திரும்ப இறுக வேண்டிவரலாம். நாம் அடிக்கடி எடுத்துப் பேசும் நினைவுதான் பத்திரமானது என்று நினைக்கிறோம். அதிகம் அவிழ்க்கப்படும் கட்டும் அதுதான்.

அவிழ்ந்த சுவடியில் அழிக்க முடியும் என்றால் சேர்க்கவும் முடியும். தமிழில் இதற்குப் பழைய சொல்லே இருக்கிறது: இடைச்செருகல். கம்பராமாயணத்தில் பிற்காலத்தவர் பாடிச் சேர்த்ததாகக் கருதி ‘வெள்ளிப் பாடல்கள்’ என்று ஒரு தொகுதியையே பிரித்துச் சொல்வார்கள். செருகிய பாட்டு ஏன் இத்தனை காலம் தாக்குப்பிடித்தது? அது கம்பனின் சந்தத்தில் இருந்தது. முன்னும் பின்னும் அசல் பாட்டு இருந்தது. பொய்யைத் தனியாக வைத்தால் பிடிபட்டுவிடும். மெய்களுக்கு நடுவில் வைத்தால் அதுவும் மெய்யின் நிறத்தைப் பெற்றுவிடும்.

அமெரிக்க உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் இதையேதான் சோதனையாக்கினார். 1995-இல் அவரும் ஜாக்குலின் பிக்ரலும் 24 பேரிடம் அவர்களுடைய சிறுவயது நிகழ்ச்சிகள் நான்கை எழுதிக் கொடுத்தார்கள். மூன்று, குடும்பத்தாரிடம் கேட்டு வாங்கிய உண்மைகள். நான்காவது பொய்: ஐந்து வயதில் கடைவளாகத்தில் தொலைந்துபோய் அழுததாகவும் வயதான ஒருவர் மீட்டுக் கொடுத்ததாகவும் ஒரு கதை. கால்வாசிப் பேர் அதை முழுதாகவோ ஓரளவோ தங்கள் நினைவாகவே ஏற்றுக்கொண்டார்கள். 2002-இல் கிம்பர்லி வேடும் மற்றவர்களும் ஒரு படி மேலே போனார்கள். 20 பேரின் சிறுவயதுப் புகைப்படத்தை வெட்டி, அவர்கள் ஏறியே இராத வெப்பக்காற்று பலூனில் ஒட்டிக் காட்டினார்கள். மூன்று சந்திப்புகளில் பாதிப் பேருக்குப் பலூன் பயணத்தில் முழுதாகவோ கொஞ்சமாகவோ ஏதோ ஒன்று நினைவுக்கு வந்துவிட்டது.

இயந்திரத்தையும் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் நியாயமாகாது. 2013-இல் எம்.ஐ.டி.யில் சுசுமு டோனேகவாவின் ஆய்வகம் எலிக்குள் ஒரு பொய் நினைவை உண்டாக்கியது. ஒரு பெட்டியில் எலி நிம்மதியாக உலவியபோது எந்த மூளைச் செல்கள் விழித்திருந்தன என்று குறித்துவைத்து, வேறொரு பெட்டியில் ஷாக் கொடுக்கும் நேரத்தில் அதே செல்களை ஒளி பாய்ச்சி எழுப்பினார்கள். முதல் பெட்டிக்குத் திரும்பிய எலி, அங்கே எதுவுமே நடக்காதபோதும் பயந்து உறைந்தது. மரபணு மாற்றிய எலி, மூளைக்குள் ஒளியிழை என்று இதற்கு எத்தனையோ ஏற்பாடு. மனிதருக்கு அதெல்லாம் தேவைப்படவில்லை. ஒரு புகைப்படமும், நாம் நம்புகிற ஒருவரின் வாயும் போதும்.

இதைத்தான் சந்தை முதலில் புரிந்துகொண்டது என்று நினைக்கிறேன். 2011-இல் பிரியாலி ராஜகோபால், நிக்கோல் மாண்ட்கோமரி என்ற இரு ஆய்வாளர்கள் பிரபலமான ஒரு பாப்கார்ன் பிராண்டின் பெயரில், சந்தையிலேயே இல்லாத ஒரு புதுவகைக்கு விளம்பரம் தயாரித்தார்கள். சிலருக்கு வெறும் தகவலாக. சிலருக்கு ருசியையும் மணத்தையும் கண்முன் கொண்டுவரும் விவரிப்பாக. சிலருக்கு அந்தப் பெயர் சொல்லிப் பாப்கார்னே தின்னக் கொடுத்தார்கள். ஒரு வாரம் கழித்து விசாரித்தபோது, விவரிப்பைப் படித்தவர்கள் உண்மையில் தின்றவர்களுக்குச் சமமாகவே “சாப்பிட்டிருக்கிறேன்” என்றார்கள். அதிகம் தெரியாத பெயரைப் போட்டபோது விளைவு குறைந்தது. பழகிய பெயர்தான் இங்கே கம்பனின் சந்தம்.

இன்னொரு சரக்கும் இருந்தது, இதைவிடக் கனமானது. 1980-களிலும் 90-களிலும் அமெரிக்காவில் சில மனநல சிகிச்சையாளர்கள், நோயாளியின் துன்பத்துக்கெல்லாம் காரணம் அவர் மறந்துபோன ஒரு குழந்தைப் பருவக் கொடுமைதான் என்று முதலிலேயே முடிவுகட்டிக்கொண்டு, ஹிப்னாடிசம், கற்பனைப் பயிற்சி எல்லாம் கொண்டு அதைத் ‘தோண்டி எடுத்தார்கள்’. மணிக்கணக்குக்குக் கட்டணம். குழந்தைகளுக்கு இழைக்கப்படும் கொடுமை உண்மை. பலர் அதை வெளியே சொல்ல முடியாமல் தவிப்பதும் உண்மை. அதனால்தான் நடக்காததை நடந்ததாக ஒருவருக்குள் விதைப்பது இரட்டைக் கேடு. விஸ்கான்சினில் ஒரு பெண், தான் பயங்கரமான சடங்குகளில் பங்கேற்றதாகவும் தனக்குள் நூற்றுக்கு மேற்பட்ட ஆளுமைகள் இருப்பதாகவும் நம்பவைக்கப்பட்டார். அவை பொய் என்று உணர்ந்து அவர் தொடுத்த வழக்கு 1997-இல் 24 லட்சம் டாலர் இழப்பீட்டில் முடிந்தது. பணத்தைத் திருப்பிவிட்டார்கள். பியாஜேவின் ஆயா கடிகாரத்தைத் திருப்பத் துணிந்தது போலத்தான்.

இப்போது நம் பாக்கெட்டில் இருப்பதற்கு வருவோம். 2021-இல் மைஹெரிட்டேஜ் என்ற வம்சாவளி நிறுவனம் பழைய புகைப்படத்தில் இருக்கும் முகத்தைக் கண்சிமிட்டிப் புன்னகைக்க வைக்கும் சேவையைக் கொண்டுவந்தது. தவறாகப் பயன்பட்டுவிடக் கூடாது என்பதற்காகவே பேச்சைச் சேர்க்கவில்லை என்று அன்றைக்குச் சொன்னது. 2022-இல் அதே நிறுவனம், முகம் தன் வாழ்க்கைக் கதையைத் தானே பேசுகிற சேவையையும் வெளியிட்டது. 2023-இல் கூகுள் தன் பிக்சல் போனில், அடுத்தடுத்து எடுத்த பல படங்களிலிருந்து ஒவ்வொருவருடைய நல்ல முகத்தையும் பொறுக்கி ஒரே படமாக்கும் வசதியைத் தந்தது. எல்லோரும் ஒரே நொடியில் சிரித்த அந்த நொடி உலகத்தில் நிகழ்ந்ததே இல்லை. ஆனால் பத்து வருடம் கழித்து அந்தச் சுற்றுலாவை நினைக்கும்போது நம் கையில் இருக்கப்போவது அந்தப் படம்தான்.

“படம் எடிட் செய்தது என்று எனக்குத் தெரியுமே, நான் ஏமாற மாட்டேன்” என்று தோன்றும். எனக்கும் தோன்றியது. எம்.ஐ.டி. மீடியா லேபில் 200 பேரை வைத்து நடந்த ஒரு ஆய்வு 2024-இல் வெளிவந்தது. முதலில் சில படங்களைப் பார்த்தார்கள். பிறகு ஒரு பிரிவினருக்கு அதே படங்களைச் செயற்கை நுண்ணறிவால் மாற்றி, அதையும் வீடியோவாக அசையவிட்டுக் காட்டினார்கள். அசலை மட்டுமே மறுபடி பார்த்தவர்களைவிட இவர்களிடம் பொய் நினைவு ஏறக்குறைய இருமடங்கு இருந்தது. நிமிடக்கணக்கில் நடந்தது இது. நம் ஆல்பம் வருடக்கணக்கில் நடப்பது. தெரிவது ஒரு அறையில் இருக்கிறது, காட்சி இன்னொரு அறையில் இருக்கிறது. பொய் என்று தெரிந்த பிறகும் பியாஜே அந்தப் போலீஸ்காரரைப் பார்த்தாரே.

அப்படியானால் இந்தச் சரக்கையே தடை செய்துவிடலாமா? அவசரப்பட வேண்டாம். கல்யாண மண்டபங்களில் இப்போது இறந்துபோன அப்பா திரையில் நடந்து வந்து மணமக்களை ஆசீர்வதிக்கும் வீடியோவைப் போடுகிறார்கள். மணப்பெண் தேம்பி அழுகிறாள், மண்டபமே அழுகிறது. அதை ஏளனம் செய்ய எனக்கு மனமில்லை. அவளுக்கு அப்பா இறந்தது தெரியும். ஆறுதல் வேண்டும் என்று அவளே கேட்டாள், கட்டணமும் அவள் கொடுத்தது, சுமக்கப்போவதும் அவள். ஆயா, பெற்றோர், குழந்தை என்று நாம் பார்த்த மூவரில் கொடுத்தவரும் சுமப்பவரும் இங்கே ஒரே ஆள். அந்த அளவில் எனக்கு மறுப்பில்லை.

ஆனால் முன்வரிசையில் நான்கு வயதுப் பேத்தி ஒருத்தி உட்கார்ந்திருக்கிறாள். தாத்தாவை அவள் ஒன்றிரண்டு முறைதான் பார்த்திருப்பாள். அவளிடம் யாரும் கேட்கவில்லை. வளர்ந்த பிறகு அவள் மனத்தில் தாத்தா என்று எழப்போவது எந்த நடை, எந்தக் குரல்? அதைச் செய்த மென்பொருளுக்கு அவர் இடதுகால் சற்று இழுத்து நடப்பார் என்பது தெரியாது. அவர் யாரையும் கட்டியணைத்து ஆசீர்வதித்ததில்லை, தூர நின்று தலையசைப்பார் என்பதும் தெரியாது. ஆயிரம் முகங்களிலிருந்து கற்ற ஒரு சராசரித் தாத்தா, அவளுடைய ஒரே தாத்தாவின் ஏட்டில் ஏறி உட்கார்ந்துகொள்கிறார்.

நல்ல நோக்கத்துக்காகவும் இதைக் கேட்பார்கள். லாஃப்டஸும் மற்றவர்களும் 2005-இல் செய்த ஓர் ஆய்வில், சிறுவயதில் ஸ்ட்ராபெரி ஐஸ்கிரீம் தின்று உடம்பு கெட்டுப்போனது என்று சிலரை நம்பவைத்தார்கள். நம்பியவர்களுக்கு அதன்மேல் ஆசை குறைந்தது. அப்படியானால் எடை கூடும் பிள்ளைக்குப் பெற்றோர் இப்படி ஒரு நினைவைச் செருகலாமா என்ற கேள்வி எழுந்தது. இன்றும் ஆய்வாளர்கள் இரண்டு பக்கமும் நின்று வாதிடுகிறார்கள். நான் கூடாது என்கிற பக்கம். மருந்து கசந்தால் பிள்ளை துப்பலாம், அறிவுரை பிடிக்காவிட்டால் எதிர்த்துப் பேசலாம். தன் நினைவு என்று நம்பும் ஒன்றோடு அது எப்படிச் சண்டைபோடும்?

சுவடிப் பதிப்பாசிரியருக்கு ஒரு வசதி இருந்தது. ஊர் ஊராகப் போய் அதே நூலின் பத்துப் பிரதிகளைச் சேர்த்து, வரிக்கு வரி ஒப்பிட்டு, எது செருகல் என்று கண்டுபிடித்தார். தனிமனிதரின் நினைவுக்கு ஒற்றைப் பிரதிதான். ஒப்பிட வேண்டுமானால் வெளியே ஏதாவது இருக்க வேண்டும்: திருத்தாத அசல் படம், ஒரு பழைய கடிதம், “அப்படி நடக்கவில்லையே” என்று சொல்லும் அத்தை. ஆகவே இந்தச் சேவைகளை விற்பவர்களிடம் நான் வற்புறுத்தும் ஒன்று, அசலை அழிக்காமல், செய்தது எது என்ற குறிப்பைப் படத்தோடு பிரிக்க முடியாதபடி கட்டித் தர வேண்டும் என்பது. வாங்குகிறவருக்காக மட்டும் இல்லை, கேட்காமலே சுமக்கப்போகிற அந்த நான்கு வயதுக்காரிக்காக.

எங்கள் வீட்டில் ஒரு படம் இருக்கிறது. அண்ணனின் காதுகுத்து அன்று எடுத்தது. மாமா மடியில் அண்ணன். பக்கத்து நாற்காலியில் தாத்தா, தோளில் அங்கவஸ்திரத்தோடு. அன்று தாத்தாவின் மேலிருந்து மூக்குப்பொடி வாசனை வந்ததாக அண்ணன் சொல்லாத விசேஷம் கிடையாது. சில வருடம் முன்பு கண்ணாடி உடைந்து படத்தைச் சட்டத்திலிருந்து எடுத்தபோது, பின்னால் அப்பாவின் கையெழுத்தில் இரண்டு வரி இருந்தது. தாத்தா தவறியது அதற்கு முந்தைய மாசியில் என்றும், ஸ்டுடியோக்காரர் வேறு படத்திலிருந்து சேர்த்துக் கொடுத்தார் என்றும். அண்ணன் அதை இரண்டு முறை படித்தான். பிறகு, “இருந்தாலும் பொடி வாசனை வருதுடா” என்றான்.

போன மாதம் அந்தப் படத்தை ஸ்கேன் எடுத்துக் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டிருந்தான். முன்பக்கம் மட்டும். பின்பக்கத்தையும் எடுத்து அனுப்பச் சொல்லியிருக்கிறேன்.